மாற்று உறுப்பினரின் கதிரை

டிசம்பர் மாதம் ஒஸ்லோவில் பின்னேரம் மூன்றரைக்கே இருட்டிவிடும். அப்படி இருட்டிக்கொண்டிருந்த ஒரு நாள், வெஸ்ட்லியில் எங்கள் வீட்டுக் கதவை யாரோ இரண்டு கையாலும் படபடவென்று தட்டினார்கள். எங்கள் கட்டடத்தில் அப்படித் தட்டுகிற ஆட்கள் கிடையாது. மணியை ஒரு தடவை அழுத்துவார்கள், திறக்காவிட்டால் போய்விடுவார்கள். நான் புட்டுக்கு மாக் குழைத்துக்கொண்டிருந்த கையோடு ஓடிப்போய்த் திறந்தேன். கீழ்மாடிப் பஷ்தூன் ஐயா நின்றார். அறுபத்தெட்டு வயது மனிதர், லிஃப்ட்டுக்குக் காத்திராமல் படியில் ஏறி ஓடி வந்திருக்கிறார். ஒரு காலில் மட்டும்தான் செருப்பு இருந்தது.

"கூப்பிட்டிட்டாங்கள்" என்றார்.

எனக்கு வேறு விளக்கம் தேவைப்படவில்லை. எங்கள் வட்டார சபையில் ஓர் உறுப்பினருக்குக் காய்ச்சல். அன்று மாலை ஆறு மணிக் கூட்டத்தில் அந்த உறுப்பினருடைய கதிரையில் இவர் உட்கார வேண்டும். அந்தத் தொலைபேசி அழைப்புக்காக அவர் ஒரு வருடத்துக்கு மேலாகக் காத்திருந்தார். உண்மையைச் சொன்னால் முப்பது வருடத்துக்கு மேலாக. இன்னொருவருக்குக் காய்ச்சல் வந்ததற்காக நான் சந்தோஷப்பட்டது வாழ்க்கையில் அந்த ஒரு நாள்தான். பெரிய சத்தமாகக் கை தட்டினேன். மா பறந்து அவருடைய சுவெற்றரெல்லாம் வெள்ளையானது.

அவருக்கும் எனக்கும் பொதுவாக இருந்தது உடைந்த நோர்வேஜிய மொழி ஒன்றுதான். அவர் ஒரு பக்கத்தில் உடைப்பார், நான் இன்னொரு பக்கத்தில் உடைப்பேன். ஆனாலும் எங்களுக்குள் ஒரு சொல்லும் வீணாகப் போனதில்லை. ஆகவே அவர் சொன்னதையெல்லாம் என்னுடைய தமிழிலேயே எழுதுகிறேன். அவர் என்னைக் 'கோர்' என்பார். பஷ்தோவில் சகோதரி. நான் அவரை ஐயா என்பேன். நோர்வேயில் பிரதமரைக்கூடப் பேர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள், எனக்கு அது வரவில்லை.

நான் அப்போது எங்கள் கட்டடத்தின் நிலத்தளத்தில் இருந்த திறந்த பாலர் பள்ளியில் உதவியாளராக வேலை செய்தேன். திறந்தது என்றால் பதிவு கிடையாது, இடத்துக்குக் காத்திருக்கத் தேவையில்லை. வீட்டில் கைக்குழந்தையோடு அடைபட்டுக் கிடக்கும் தாய்மார் பிள்ளையையும் தூக்கிக்கொண்டு வந்து, கோப்பி குடித்து, நாலு சொல் நோர்வேஜியன் கதைத்துவிட்டுப் போகலாம். தமிழ்ப் பெண்கள், சோமாலியப் பெண்கள், பஷ்தூன் பெண்கள் வருவார்கள், எப்போதாவது ஒரு நோர்வேஜியத் தாயும் வருவார். வருகிறவர்களின் பேரை ஒட்டுநாடாவில் எழுதி நெஞ்சில் ஒட்டிவிடுவது என் வேலை. யாருக்கும் யாருடைய பேரும் தெரியாத இடத்தில் அதுதான் முதல் மரியாதை.

அங்கேதான் இவர் ஒரு நாள் இரண்டு வயதுப் பேரனைத் தூக்கிக்கொண்டு வந்தார். மருமகள் வேலைக்குப் போயிருந்தாள். மகன் டாக்ஸி ஓடிவிட்டு வந்து நித்திரை. ஆறடி உயரம், தலையில் கம்பளித் தொப்பி. வேறு ஆண்வாடையே இல்லாத அந்த அறையில், பிள்ளைகளின் குட்டிக் கதிரை ஒன்றில் முழங்கால் காதில் முட்ட உட்கார்ந்தார். தாய்மார் எல்லோரும் கதையை நிறுத்திவிட்டார்கள். பேரனுக்குப் பேரை ஒட்டியதும் தன் நெஞ்சைக் காட்டி, தனக்கும் ஒன்று வேண்டும் என்றார். எழுதி அவர் கையில் கொடுத்தேன். வீட்டுக்குப் போகும்போதும் அதைக் கழற்றவில்லை. அடுத்த நாள் கடைக்குப் போகும்போதும் அது நெஞ்சில் இருந்தது. நான் அவருக்குப் பின்னால் நின்று சிரித்தேன்.

பிறகுதான் விடயம் தெரிந்தது. அவர் பிறந்த மாகாணத்துக்குப் பேரே கிடையாது. வெள்ளைக்காரன் வரைபடத்தில் வடமேற்கு என்று ஒரு திசையை எழுதி, எல்லை என்று சேர்த்துப் போட்டுவிட்டுப் போய்விட்டான். அவன் போன பிறகும் அது அப்படியே கிடந்தது. அந்த மண்ணுக்கு அங்கே வாழும் பஷ்தூன் சனத்தின் பேரை வையுங்கள் என்று கேட்பதுதான் அவருடைய முழு அரசியலும். அதற்காகத்தான் அடி, அதற்காகத்தான் சிறை.

அவருடைய தகப்பன் சுதந்திரம் கேட்டு, சிவப்புச் சாயம் தோய்த்த சட்டை போட்டு, கையில் ஒரு தடிகூட இல்லாமல், வெள்ளைக்காரனின் படைக்கு முன்னால் போய் உட்கார்ந்தவராம். இவர் பள்ளிக்கூட வாத்தியாராக இருந்து, வேலையை விட்டுக் கட்சிக்குப் போனார். ஐந்து தேர்தலில் நின்றார். நாலில் தோல்வி. அதில் ஒன்று பன்னிரண்டு வாக்கால். அந்தப் பன்னிரண்டைச் சொல்லும்போது அவருக்கு எப்போதும் மூச்சு வாங்கும். ஓர் இடைத்தேர்தலில் மட்டும் வென்றார். வென்ற கிழமையே கட்சியைத் தடை செய்தார்கள். சட்டசபையில் சத்தியப்பிரமாணம் எடுக்க வேண்டிய நாளில் அவர் சிறையில் இருந்தார். வெளியே வந்தபோது அந்தத் தொகுதியில் வேறு ஆள். பதவியேற்புக்கென்று தைத்த கையில்லாத கறுப்புக் கோட்டு ஒரு தடவையும் போடாமல் பெட்டிக்குள் போனது. கடைசியில் உயிருக்கே பயம் வந்து, மகன் இருந்த ஒஸ்லோவுக்கு வந்து சேர்ந்தபோது அந்தக் கோட்டையும் கொண்டுவந்தார்.

"சிறைக் கட்டிலில படுத்தாச்சு, லொறியில ஏறி நிண்டு பேசியாச்சு. சனம் தந்த அந்தக் கதிரையில மட்டும் ஒரு நிமிசம் இருக்கேல்லை, கோர்" என்று ஒரு நாள் சொன்னார்.

எனக்கு அரசியல்வாதிகளைக் கண்டால் ஆகாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். அந்த வருடங்களில் எங்கள் நாட்டுச் சமாதானத்துக்கு நோர்வேதான் நடுவர். ஒஸ்லோவில் சனி ஞாயிறு என்றால் மண்டபம் மண்டபமாகக் கூட்டம். ஒலிவாங்கியைப் பிடித்தவர் விடமாட்டார். பின்வரிசையில் நாங்கள் பெண்கள் அழுகிற பிள்ளையும் ஆறிய வடையுமாக இருப்போம். அதனால் இவரிடம் முதலிலேயே முகத்துக்கு நேரே சொன்னேன், எனக்குப் பேச்சு ஒன்றும் தேவையில்லை என்று. அவர் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். அன்றிலிருந்து என்னிடம் தன்னுடைய தோல்விகளை மட்டும் சொன்னார். தோல்வியை மட்டும் சொல்லுகிற அரசியல்வாதியை நான் அதற்கு முன்னர் கண்டதில்லை. வாயைப் பிளந்துகொண்டு கேட்டேன்.

கதை வளர, சாப்பாடும் ஏறி இறங்கத் தொடங்கியது. என்னுடைய புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும் கீழே போகும். அவருடைய மருமகளின் ரொட்டியும் ஏலக்காய் போட்ட பச்சைத் தேநீரும் மேலே வரும். வாரத்தில் மூன்று நாளாவது என் கை உப்பு அவருடைய வயிற்றுக்குள் போனது.

பிறகு உள்ளூர்த் தேர்தல் வந்தது. நோர்வேயில் குடியுரிமை இல்லாவிட்டாலும் மூன்று வருடம் வாழ்ந்திருந்தால் உள்ளூர்த் தேர்தலில் வாக்குப் போடலாம், நிற்கவும் நிற்கலாம். ஒரு கட்சி இவரைத் தன் பட்டியலில் கடைசியாகப் போட்டது. விருந்து இலையில் ஊறுகாய் வைக்கிற மாதிரி, இருக்கிறது என்று காட்டத்தான். ஆனால் வாக்குச் சீட்டில் பிடித்த பேருக்கு நேரே புள்ளடி போட்டால் அந்த ஆள் பட்டியலில் மேலே ஏறுவார். விருப்பு வாக்கு. இலங்கைத் தமிழருக்கு இதைச் சொல்லிக் கொடுக்க வேண்டுமா? எனக்கு உடம்பெல்லாம் துடித்தது. அரசியல்வாதிகளைக் கண்டால் ஆகாத நான் ஓர் அரசியல்வாதிக்கு வாக்குச் சேர்க்கப் புறப்பட்டேன்.

அவர் கணக்கெடுத்த விதத்தைக் கேளுங்கள். தன் ஊரில் செய்தது போலவே, வெஸ்ட்லியிலும் ரொம்சோஸிலும் ஒவ்வொரு பஷ்தூன் வீட்டுக்கும் போய், வீட்டுக்கு மூத்த ஆணோடு இருந்து தேநீர் குடித்து, வாக்கு வாங்கினார். மூத்தவர் சொன்னால் வீடு சொன்ன மாதிரி. ஒரு குறிப்புப் புத்தகத்தில் வீட்டுக்கு ஆறு, ஏழு என்று எழுதிக்கொண்டார். என் கணவர் அவருக்குச் சளைத்தவரா? கோயிலில் நின்ற ஆண்களிடம் கேட்டு, தமிழ் வீடுகளையும் அதே மாதிரி ஐந்தால் பெருக்கிக் கொண்டுவந்தார். இரண்டு பேரும் எங்கள் மேசையில் அந்தப் புத்தகத்தை வைத்துக்கொண்டு முதலமைச்சர்கள் போலச் சிரித்தார்கள்.

அடுத்த நாள் பாலர் பள்ளியில், அந்தப் புத்தகத்தில் ஏழு என்று எழுதப்பட்ட வீட்டின் இளம் மருமகளிடம் மெல்லக் கேட்டுப் பார்த்தேன். மாமனார் ஒருவருக்கும் ஒன்றும் சொல்லவில்லையாம். தான் வேறு கட்சிக்குப் போட இருப்பதாகவும், வாக்குப் போடும் திரைக்குப் பின்னால் மாமனார் வரமாட்டார்தானே என்றும் சொன்னாள். எங்கள் தமிழ்ப் பெண்களும் அதே கதைதான். கணவன்மார் கோயிலில் கொடுத்த வாக்கு கோயில் வாசலிலேயே நின்றுவிட்டது. நான் ஐயாவிடம் போய் அந்தப் புத்தகத்தைக் குப்பைக்குள் போடச் சொன்னேன். அவருக்கு முகம் செத்துவிட்டது. தன் ஊரில் தோற்ற அந்தப் பன்னிரண்டு வாக்கும் எங்கே இருந்திருக்கும் என்று இப்போது விளங்குகிறது என்றார்.

அடுத்த நாள் காலை குட்டிக் கதிரையில் வந்து உட்கார்ந்து, வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு பெண்ணிடம் வாக்குக் கேட்டார். முகத்தைப் பார்த்துக் கேட்க அவருக்கு வரவில்லை. தரையில் கிடந்த விளையாட்டுக் கட்டைகளைப் பார்த்துக் கேட்டார். காது இரண்டும் சிவந்துபோயிருந்தது. தாய்மார் வாயைப் பொத்திச் சிரித்தார்கள், ஆனால் கேட்டார்கள். மாமனாரிடம் மட்டும் கேட்டுவிட்டுப் போகாமல் தங்களிடமும் வந்து கேட்ட முதல் ஆள் அவர்தான் என்று ஒருத்தி என்னிடம் சொன்னாள்.

முடிவு வந்தது. பட்டியலின் அடியில் கிடந்தவர் மளமளவென்று மேலே ஏறி, ஓர் ஆசனத்தால் தவறி, அந்தக் கட்சியின் முதல் மாற்று உறுப்பினராக நின்றார். அதாவது, தெரிவானவர்களில் யாராவது வர முடியாவிட்டால் இவரைக் கூப்பிடுவார்கள். எனக்கு ஆத்திரம். அவருக்கோ ஆனந்தம். கதவு திறந்துதான் இருக்கிறது என்றார்.

அதற்குப் பிறகு அவர் கைத்தொலைபேசியைச் சட்டைப் பையில், நெஞ்சோடு வைத்திருந்தார். குளிக்கும்போது பேரனிடம் கொடுத்துவிட்டுப் போவார். ஒரு வருடம் போனது. சபையில் இருந்தவர்கள் எல்லாரும் நோர்வேஜியர்கள். மீனெண்ணெய் குடித்து வளர்ந்த உடம்பு, ஒரு தும்மலும் கிடையாது. நான் அவர்களைத் திட்டுவேன். ஒருவருடைய நோயை விரும்பக் கூடாது என்று அவர் என்னைக் கண்டிப்பார். ஆனால் குளிர்காலம் தொடங்கியதும் ஊரில் காய்ச்சல் பரவுகிறதா என்று மெதுவாகக் கேட்பார்.

அந்த டிசம்பரில்தான் எங்களுக்கு இடி விழுந்தது. அடுத்த வருட வரவுசெலவுத் திட்டத்தில் திறந்த பாலர் பள்ளியை மூடுவதாக எழுதியிருந்தார்கள். பதினைந்து பேர் சபையில் எட்டுப் பேர் வைத்திருக்க வேண்டும் என்றும், ஏழு பேர் மூட வேண்டும் என்றும் நின்றார்கள். தலைவி மூடுகிற பக்கம். சரி சமனாக வந்தால் அவருடைய வாக்குப் பக்கம்தான் முடிவு. இப்போது காய்ச்சலில் படுத்தவர் யார் தெரியுமா? வைத்திருக்க வேண்டும் என்ற எட்டுப் பேரில் ஒருவர். ஆக, ஐயா அந்தக் கதிரைக்குப் போய்ச் சேராவிட்டால் என் அறை போய்விடும். போய்ச் சேர்ந்தால் இரண்டு காரியமும் ஒரே நாளில் பலித்துவிடும்.

இதெல்லாம் என் தலைக்குள் ஒரு நொடியில் ஓடியது. மாவை அப்படியே மூடி வைத்தேன். என் கணவர் பஸ் ஓட்டப் போயிருந்தார், கார் வீட்டில் நின்றது. நின்றது என்பதைவிடப் புதைந்து கிடந்தது என்பதுதான் சரி. காலையிலிருந்து கொட்டிய பனியில் எங்கள் கார் எது, பக்கத்து வீட்டுக் கார் எது என்றே தெரியவில்லை. நான் மண்வெட்டியால் தள்ளினேன். அவர் பெட்டியில் கிடந்த கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டு, பனியைக் கூட்டத் தும்புத்தடியோடு வந்தார். முப்பது வருடத்துக்கு முந்தைய கோட்டு வயிற்றில் பூட்ட மறுத்தது. திறந்தபடியே விட்டிருந்தார். இரண்டு பேரும் மூச்சிரைக்க வெட்டினோம். பாதி வேலை முடிந்த பிறகு அது வேறு யாருடையதோ கார் என்று கண்டுபிடித்தோம். நான் தமிழில் ஏசினேன், அவர் பஷ்தோவில் என்னவோ சொன்னார், இரண்டு பேரும் சிரித்துக்கொண்டு அடுத்த மேட்டைத் தோண்டினோம்.

காரில் போகும்போதுதான் நான் அந்த வேலையைச் செய்தேன்.

வழுக்குகிற றோட்டில் கண்ணை வைத்துக்கொண்டு, பெரிய விடயம் இல்லாதது போலச் சொன்னேன். "ஐயா, நான் மேல்மாடி எண்டதையும் சாப்பாடு தாறதையும் அங்கை ஒருத்தருக்கும் சொல்லத் தேவையில்லை. கேட்டாலும் தெரிஞ்ச முகம் எண்டு மட்டும் சொல்லுங்கோ."

ஏன் சொன்னேன் என்றால், சொந்தபந்தமோ நெருங்கிய சிநேகிதமோ உள்ள விடயத்தில் இங்கே உறுப்பினர் கையுயர்த்த முடியாது என்று எனக்குத் தெரியும். எங்களுடைய கூட்டங்களில் அப்படி ஒரு சட்டம் இருந்தால் கையுயர்த்த ஆளே இருக்காது. அவர் கண்ணாடியில் விழுகிற பனியைப் பார்த்துக்கொண்டு வந்தார். மடியில், தானே நோர்வேஜியனில் எழுதிய பேச்சு, தடித்த கட்டாக இருந்தது. ஒரு வருடமாக எழுதியது.

ஆறு மணிக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது உள்ளே போனோம். குதிரை லாட வடிவத்தில் மேசை. ஒவ்வொருவர் முன்னாலும் பேர்ப் பலகை. காய்ச்சல்காரருடைய பலகையைத் தலைவி எடுத்துவிட்டு, இவருடைய பேருக்குப் பலகை இல்லை என்று மன்னிப்புக் கேட்டார். ஒரு வெள்ளைத் தாளை மடித்து, தடித்த பேனாவால் பேரை எழுதி மேசையில் நிறுத்தினார். ஐயா கதிரைக்குப் பின்னால் நின்று, அதன் முதுகில் கை வைத்தபடி கொஞ்ச நேரம் அந்தத் தாளைப் பார்த்தார். பிறகு கதிரையை இழுத்து உட்கார்ந்தார். சாதாரண அலுவலகக் கதிரை, கால் நாலும் இரும்பு. பார்வையாளர் வாங்கில் தனியாக இருந்த எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது.

பாலர் பள்ளிதான் முதல் விடயம். அதை எடுத்ததும் தலைவி வழமையான கேள்வியைக் கேட்டார். இதில் கையுயர்த்தத் தகுதி இல்லாதவர்கள் யாராவது உண்டா? ஒருவரும் பதில் சொல்லாத கேள்வி அது. எல்லோரும் தாளைப் புரட்டிக்கொண்டிருந்தார்கள். ஐயா எழுந்தார். உட்கார்ந்து நாலு நிமிடம்கூட ஆகியிருக்காது.

"அந்த அறையில வேலை செய்யிற பொம்பிளையின்ர கீழ்மாடியில நான் இருக்கிறன்" என்றார். "இரண்டு வருசமா அவ தாற சாப்பாட்டைச் சாப்பிடுறன். எனக்கு வாக்குச் சேர்த்தது அவ. இண்டைக்குக் காரில கொண்டுவந்து விட்டதும் அவதான். அவவின்ர உப்பு என்ர வயித்தில இருக்கு. நான் இதில கை உயர்த்தலாமோ எண்டு நீங்கள் சொல்லுங்கோ."

உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்று படித்து வளர்ந்தவள் நான். இந்த மனிதர் நினைத்த விதத்தைப் பாருங்கள்! எழும்பிப் போய் அந்தக் கோட்டைப் பிடித்து இழுக்க வேண்டும் போல இருந்தது. பதினான்கு பேரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். முடிவெடுக்கும்வரை வெளியே நிற்க வேண்டும் என்று தலைவி சொல்ல, அவர் கதிரையை ஒழுங்காக உள்ளே தள்ளிவிட்டுப் போனார். கண்ணாடிக் கதவுக்கு அப்பால், கோப்பி இயந்திரத்துக்குப் பக்கத்தில், கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

உள்ளே விவாதம். பக்கத்து வீடு என்பது சிநேகிதம் ஆகாது என்றார் ஒருவர். இரண்டு வருடச் சாப்பாடு என்றால் சிநேகிதம்தான் என்றார் இன்னொருவர். தான் இருபது வருடமாக மேல்வீட்டுக்காரரோடு பேசியதே இல்லை என்று ஒரு கிழவர் சொன்னார், யாரும் கேட்காமலே. செயலாளர் சட்டப் புத்தகத்தைப் புரட்டினார். அதில் சாப்பாடு பற்றி ஒன்றும் இல்லையாம். பார்வையாளர் வாய் திறக்கக் கூடாது. நான் என் இரண்டு கையையும் தொடைக்குக் கீழே வைத்து, அதன்மேல் இருந்தேன். கடைசியில் தகுதி உண்டு என்கிறவர்கள் கை உயர்த்தச் சொன்னார்கள். எண்ணினேன். ஐந்து, ஆறு, ஏழு. ஏழாவது கையோடு நின்றுவிட்டது. அப்போது தலைவி தன் கையையும் உயர்த்தினார். மூட வேண்டும் என்று நின்ற பெண். அவருக்கு அது நட்டம் என்பது அந்த அறையில் எல்லோருக்கும் தெரியும்.

ஐயா திரும்பி வந்து அதே கதிரையில் இரண்டாம் தடவை உட்கார்ந்தார்.

பேச மூன்று நிமிடம் கொடுத்தார்கள். அவர் அந்தத் தடித்த கட்டைப் பிரிக்கவே இல்லை. தன் மாகாணத்துக்கு இன்னும் பேர் கிடைக்கவில்லை என்றும், இந்த நாட்டுக்கு வந்து அலுவலகங்களில் இலக்கமாகவும் வீட்டில் தாத்தாவாகவும் இருந்த தன் பேரை முதல் முதலாக எழுதிக் கையில் தந்தது அந்த அறைதான் என்றும் சொன்னார். அங்கே வருகிற பெண்கள் பலருக்கும் அப்படித்தான் என்றார். அவ்வளவுதான். இரண்டு நிமிடம் மிச்சம். என் வாழ்நாளில் ஓர் அரசியல்வாதி மிச்சம் வைத்த நேரத்தை அன்றுதான் கண்டேன்.

எட்டுக்கு ஏழு. பாலர் பள்ளி இருக்கும். நான் என்னை மறந்து எழும்பிக் கை தட்டிவிட்டேன், தலைவி சுத்தியலால் மேசையில் ஒரு தட்டுத் தட்டி என்னை இருத்தினார். அதற்குப் பிறகு வீதிக்கு மணல் போடுவது, பஸ் தரிப்பிடத்துக்கு விளக்கு, போன கூட்டக் குறிப்பை ஏற்பது. எல்லாவற்றுக்கும் ஐயா கையை வானம் முட்ட உயர்த்தினார். எட்டு மணிக்குக் கூட்டம் கலைந்தபோது கடைசியாக எழும்பியவர் அவர்தான்.

திரும்பி வரும் வழியெல்லாம் நான் பொரிந்து தள்ளினேன். ஒரு கை குறைந்திருந்தால் என்ன நடந்திருக்கும்? முப்பது வருடம் காத்திருந்த கதிரையை நாலு நிமிடத்தில் விட்டு எழும்ப உங்களுக்கு என்ன விசரா? இரண்டு நாட்டுச் சிறையும் போதாதா என்றுகூடக் கேட்டேன், இங்கே அவருக்குச் சிறை ஒன்றும் இல்லை என்பதை மறந்து. அவர் மடித்த வெள்ளைத் தாளை மடியில் நிறுத்தி வைத்துக்கொண்டு, முகம் நிறையச் சிரிப்போடு வந்தார். லிஃப்ட்டில் ஏறும்போது, புட்டு இருக்கிறதா என்று மட்டும் கேட்டார்.

மேலே வந்து மூடியைத் திறந்தால் மா காய்ந்து கட்டியாகிக் கிடந்தது. இன்னும் ஆத்திரம் அடங்காமல் அதைக் கிண்டி எறிந்துகொண்டிருந்தபோது, அவர் சபையில் சொன்னதை மனதுக்குள் ஒவ்வொன்றாகச் சொல்லிப் பார்த்தேன், இன்னும் திட்டுவதற்காகத்தான். கீழ்மாடி என்றார். சாப்பாட்டைச் சொன்னார். வாக்குச் சேர்த்ததைச் சொன்னார். காரில் கொண்டுவந்ததையும் சொன்னார். காரில் நான் சொன்னதை மட்டும் சொல்லவில்லை.

என் கை நின்றுவிட்டது. அதைச் சொல்லியிருந்தால் பதினான்கு பேரும் என்னைப் பார்த்த பார்வை வேறாக இருந்திருக்கும். தன்னைப் பற்றியதில் ஒன்றும் ஒளிக்காத மனிதர் என்னுடையதை மட்டும் ஒளித்திருக்கிறார். வெட்கத்தில் முகம் எரிந்தது. இன்றுவரை இதை என் கணவருக்கும் சொன்னதில்லை. இங்கேதான் முதல் தடவை சொல்கிறேன்.

புது மா எடுத்துக் குழைத்து, அவித்து, சூடு ஆறுமுன் நானே கீழே கொண்டுபோனேன். கதவைத் திறந்தவர் இன்னும் அந்தக் கோட்டைக் கழற்றவில்லை. அவருக்குப் பின்னால், தொலைக்காட்சிக்கு மேலே, வெள்ளைத் தாள் பேரோடு நின்றது. காரில் நான் சொன்னது பிழை என்று சொல்ல வாயெடுத்தேன். அவர் என்னை முடிக்க விடவில்லை. புட்டுக் கோப்பையை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு கேட்டார்.

"உப்புப் போட்டனீங்களோ, கோர்?"